மூன்று நாள் லீவு

அக்கா,

உன் அலுமினியத் தட்டு கிடைத்துவிட்டது. பின்கட்டு அறையில், வேர்க்கடலை மூட்டைகளுக்குப் பின்னால் சுவரோரமாகச் சாய்ந்து கிடந்தது. விளிம்பு ஒரு பக்கம் நசுங்கியிருக்குமே, அதே தட்டுதான். கூடவே அந்தச் சொம்பும், சுருட்டிக் கட்டிய பாயும் இருந்தன. பாயின் ஓரத்தை எலி கடித்திருக்கிறது. தட்டைக் கையில் எடுத்ததும் பழைய அலுமினியத்துக்கே உரிய அந்த வாடை வந்தது. அப்படியே மூட்டை மேல் உட்கார்ந்துவிட்டேன். இப்போதாவது அழுகை வரும் என்று நினைத்தேன். வரவில்லை.

நேற்றோடு உன் பதினாறாம் நாள் காரியம் முடிந்தது. பந்தல்காரர் நாற்காலிகளை ஏற்றிக்கொண்டு போய்விட்டார். உன் மகன் பெங்களூருக்குக் கிளம்பிவிட்டான். என் மகள் வேலூர் ஹாஸ்டலுக்குத் திரும்பிவிட்டாள். உன் அண்ணன் வீட்டார் நகரிக்குப் பஸ் ஏறிவிட்டார்கள். காரியத்துக்கு வாங்கியதில் மிஞ்சிய அரிசி மூட்டைகளை வைக்க இடம் வேண்டும், பின்கட்டை ஒழித்துவை என்று அத்தை இன்று காலை சொன்னார். அதற்காகத்தான் அந்த அறையைத் திறந்தேன்.

இத்தனை நாளும் நான் எப்படி இருந்தேன் என்று கேட்டால், பல் பிடுங்க ஊசி போட்டதும் கன்னம் யாருடையதோ போல ஆகிவிடுமே, அப்படி இருந்தேன். வந்தவர்களுக்கெல்லாம் டீ கொடுத்தேன். யாருக்குச் சர்க்கரை கூடாது என்பதைக்கூடச் சரியாக நினைவு வைத்திருந்தேன். உன் தலைமாட்டில் மாரடித்து அழுத பெண்கள், வறண்ட என் கண்களைப் பார்த்துவிட்டுத் தங்களுக்குள் ஏதோ பேசிக்கொண்டார்கள். எனக்குக் கோபமும் வரவில்லை. நான் பார்த்துக்கொண்டிருந்தது உன் இடது கையை. ஆஸ்பத்திரியில் யாரோ நரம்பு கிடைக்காமல் மூன்று நான்கு இடத்தில் குத்தியிருந்தார்கள். உன் நரம்பு எப்படிப் புடைத்துக்கொண்டு தெரியும் என்று எனக்குத் தெரியும். பாத்திரம் தேய்க்கும்போது எத்தனை முறை பார்த்திருக்கிறேன். நானாக இருந்தால் ஒரே குத்தில் எடுத்திருப்பேன். அங்கே நின்று இதைத்தான் யோசித்துக்கொண்டிருந்தேன்.

உனக்குத் தமிழ் பேச வரும், படிக்க வராது. நீ இருந்திருந்தால் இதையும் நான்தான் உனக்குப் படித்துக் காட்ட வேண்டியிருக்கும். நீயும் பாதியிலேயே, “போதும்மே, இஸ்துகினே போற” என்று எழுந்து போயிருப்பாய்.

இந்த வீட்டுக்கு நான் சின்ன மருமகளாக வந்தபோது நீ ஏற்கெனவே பெரிய மருமகள். முதல் சில மாதங்கள் உன்னை ‘நீங்க’ என்றுதான் கூப்பிட்டேன். ஒருநாள் அவரைக்காய் உரித்துக்கொண்டே, “இன்னாமே, நான் இன்னா தாசில்தாரா? அக்கான்னா ‘நீ’ன்னுதான் கூப்புடணும்” என்றாய். அதோடு அது முடிந்தது.

முதல் மாதம் எனக்கு விலக்கு வந்த அன்று அத்தை என்னைப் பின்கட்டு அறைக்குள் அனுப்பினார். மாதவிலக்கை இந்த வீட்டில் தூரம் என்பார்கள். தூரமான பெண் மூன்று நாள் அடுப்படிக்குள் வரக்கூடாது, எதையும் தொடக்கூடாது, அவளை யாரும் தொடக்கூடாது. அவளுக்கென்று தனித் தட்டு, தனிச் சொம்பு, தனிப் பாய். என் அம்மா வீட்டில் இதெல்லாம் கிடையாது. நான் அந்தப் பாயில் உட்கார்ந்து அழுதேன். நீ சோறு கொண்டுவந்து வாசற்படிக்கு வெளியே உட்கார்ந்து, தட்டை ஒரு கரண்டியால் உள்ளே தள்ளினாய். உன் முகத்தில் சிரிப்பு.

“எதுக்கு அழுவுற? இது ஜெயிலுன்னு நெனச்சிகினியா? இந்த வூட்ல பொம்பளைக்குக் கெடைக்கிற ஒரே லீவு இதாம்மே. ஜொரம் வந்தா எழுப்புவாங்க. அம்மா வூட்ல சாவு வுழுந்தாகூட சாதம் வடிச்சிட்டுத்தான் அனுப்புவாங்க. இதுக்கு மட்டும் யாரும் எழுப்ப முடியாது. காலை நீட்டிப் படு.”

நீ காலை நீட்டுவதோடு விடமாட்டாய். உன் முறை வரும்போது நான் சோறு கொண்டுவந்து எட்டிப் பார்ப்பேன். பாயில் மல்லாந்து படுத்து, இரண்டு கால்களையும் சுவரில் மேலே தூக்கி வைத்துக்கொண்டு, நகரியிலிருந்து பூ சுற்றி வந்த தெலுங்குப் பேப்பரைப் படித்துக்கொண்டிருப்பாய். இந்த வீட்டில் தெலுங்கு படிக்கத் தெரிந்தவள் நீ ஒருத்திதான். பழைய பேப்பர், பாதிக் கிழிசல், மேலே சாமந்திக் கறை. அதை மூன்று நாளுக்கு வைத்துக்கொண்டு படிப்பாய். விடியலில் பூ பறிக்க எழுந்து, பால் கறந்து, இட்லி ஊற்றி, கழனிக்குச் சோறு கட்டி, ராத்திரி பாத்திரம் கழுவிக் கவிழ்க்கும் வரை உட்கார்ந்து நான் பார்த்திராத நீ, அந்த மூன்று நாள் மட்டும் அப்படிப் படுத்திருப்பாய்.

அடுப்படியிலிருந்து அத்தை கத்துவார். “ஏ பெரியவளே, சீரகம் எங்க வச்ச?” நீ பதில் சொல்லமாட்டாய். இரண்டாவது முறை கூப்பிடும்போது பேப்பரைத் திருப்புவாய். அத்தை தானே தேடிக் கண்டுபிடித்துவிடுவார். நான் பதறிப்போய் ஒருமுறை, “ஏங்க்கா, சொல்லேன்” என்றதற்கு நீ உதட்டில் விரலை வைத்துச் சொன்னாய்: “உள்ள கீறவளுக்குக் காது கேக்காது. அது தெரிஞ்சிக்கோ மொதல்ல.”

கல்யாணத்துக்கு முன்பே நான் லேப் டெக்னீஷியன் படிப்பு முடித்திருந்தேன். திருவள்ளூரில் ஒரு லேப்பில் வேலை கிடைத்தபோது வீட்டில் பெரிய பேச்சு நடந்தது. கடைசியில் அத்தை, “வூட்டு வேலைக்குக் கொறை வராம பாத்துகினா போவட்டும்” என்றார். அந்தக் குறை வராமல் பார்த்துக்கொண்டது நான் இல்லை, நீ. விடியலில் நான் கோலம் போட்டு, விளக்கேற்றி, பாதி சமையலை முடிப்பேன். மீதியை உன் கையில் போட்டுவிட்டு ஸ்டேஷனுக்கு ஓடுவேன். “ஓடு ஓடு, டிரெயினு உனக்கு மாமனா மச்சானா, நின்னுகினு இருக்க” என்று பின்னாலிருந்து விரட்டுவாய். கிருத்திகை வந்தால் ஆர்.கே.பேட்டையிலிருந்தும் கண்டிகையிலிருந்தும் சொந்தக்காரர்கள் நம் வீட்டில் பையை வைத்துவிட்டு மலை ஏறப் போவார்கள். மொட்டைத் தலையில் சந்தனத்தோடு இறங்கி வரும்போது இலை போட்டிருக்க வேண்டும். இரண்டு மருமகள் செய்ய வேண்டியதை நீ ஒருத்தி செய்தாய். “சின்னவ எங்க?” என்று கேட்டவர்களுக்கெல்லாம், “அவ ஊரு ரத்தத்தை உறிஞ்சப் போயிருக்கா” என்று சொல்லிச் சிரிக்க வைத்தாய். என் மகளுக்குத் தலை பின்னியது, ஸ்கூலுக்கு அனுப்பியது எல்லாமே நீதான். அவள் முதலில் பேசிய வார்த்தை அம்மா இல்லை, பெரிம்மா. அதில் எனக்கு அப்போது கொஞ்சம் வலித்தது. இப்போது அதுவும் எங்கேயோ போய்விட்டது.

வேலைக்குப் போகிறவளானாலும் தூரம் தூரம்தான். அந்த நாட்களில் நான் வேலைக்குப் போகலாம், டிரெயினில் ஊராரோடு இடித்துக்கொண்டு நிற்கலாம். திரும்பி வந்தால் மட்டும் கொல்லைப்புறமாக வந்து பின்கட்டு அறையில் உட்கார வேண்டும். எனக்கு அது லீவாகத் தெரியவில்லை. லேப்பில் என்னை மேடம் என்பார்கள். வீட்டுக்கு வந்தால் ஒரு கரண்டி என் தட்டைத் தள்ளும்.

அந்த ஆடிக் கிருத்திகை உனக்கு நினைவிருக்கும். வீடு நிறைய ஆட்கள். மலையிலிருந்து அரோகரா சத்தம் வந்துகொண்டே இருந்தது. அன்று எனக்குத் தூரம். வேலை முடிந்து களைத்துப்போய்க் கொல்லைக் கதவைத் திறந்தேன். என் மகள், நாலு வயசு, “அம்மா” என்று ஓடிவந்தாள். அத்தை பாய்ந்து அவள் கையைப் பிடித்து இழுத்தார். குழந்தை தடுக்கி விழுந்து துணி துவைக்கும் கல்லில் உதடு கிழிந்தது. நான் தூக்கப் போனேன். “தொடாத!” என்று அத்தை கத்தினார். என் பிள்ளையின் வாயில் ரத்தம் வருகிறது, நான் தொடக்கூடாது.

நான் தொட்டேன். தூக்கிக்கொண்டு நேராக அடுப்படிக்குள் போனேன். சொந்தக்காரர்கள் எல்லாரும் பார்த்துக்கொண்டிருக்கக் குடத்தில் செம்பை விட்டுத் தண்ணீர் மொண்டு அவள் வாயைக் கழுவினேன். “பொழுதெல்லாம் ஊராரோட ரத்தத்தைத் தொடுறேன். அந்தச் சம்பளத்துல வாங்குன அரிசி இந்த வீட்ல வேகுது. என் ரத்தம் மட்டும் ஆவாதா?” என்று கேட்டேன். என் குரல் எனக்கே அந்நியமாக இருந்தது.

அத்தை இரண்டு நாள் சாப்பிடவில்லை. உன் கொழுந்தன், அதாவது என் புருஷன், வாழ்க்கையில் முதல்முறையாக, “வுடும்மா, காலம் மாறிப்போச்சு” என்றார். மூன்றாம் நாள் அத்தை முற்றத்தில் நின்று அறிவித்தார்.

“செரி. இனிமே இந்த வூட்ல தூரம் கீரம்னு எதுவும் கெடையாது. ரெண்டு பேருக்கும்தான் சொல்றேன். சாமி என்னைக் கேட்டா உங்க ரெண்டு பேரு பேரையும் சொல்லிடுவேன்.”

மறுநாள் டிரெயினில் என்னோடு தினமும் வரும் பெண்களிடம் சொன்னேன். ஒருத்தி கையைக் குலுக்கினாள். நான் அன்று ஜன்னலோரம் உட்கார்ந்து, மணவூர் தாண்டும்வரை தானாகச் சிரித்துக்கொண்டே போனேன்.

நீ குழாயடியில் பாத்திரம் துலக்கிக்கொண்டே சொன்னாய். “நல்லாத்தான் ஜெயிச்ச போ. என் மூணு நாளையும் சேத்து ஜெயிச்சுட்ட.”

நான் சிரித்தேன். நீயும் சிரித்தாய். நீ எப்போதும் போலக் கிண்டல் செய்கிறாய் என்று நினைத்துக்கொண்டேன். அந்த வாரமே பாவா, உன் வீட்டுக்காரர், கடலை மூட்டைகளைப் பின்கட்டில் அடுக்கினார். பாய் சுருண்டு மூலைக்குப் போனது.

அதற்கடுத்த மாதம் ஒருநாள் காலை, அம்மிக்கல்லைப் பிடித்துக்கொண்டு நீ கொஞ்ச நேரம் அசையாமல் நின்றாய். என்னக்கா என்றேன். “ஒண்ணுமில்ல, இடுப்பு” என்று அரைக்க ஆரம்பித்தாய். உனக்கு விலக்கு என்று எனக்குப் புரிந்தது. டிரெயினுக்கு நேரமாகிவிட்டது.

எனக்கு வெளியே போக ஓர் இடம் இருந்தது. ஜன்னலோரம் இருந்தது, லேப் இருந்தது, மத்தியானம் டப்பாவைத் திறந்து நாலு பேரோடு அரட்டையடித்துச் சாப்பிடும் நேரம் இருந்தது. உனக்கு உள்ளே போகத்தான் ஓர் இடம் இருந்தது. அந்த வழக்கம் நல்லது என்று இப்போதும் நான் சொல்லமாட்டேன். என் மகளின் உதட்டில் அந்தத் தழும்பு இருக்கிறது. அவளை யாராவது அந்த அறைக்குள் போ என்று சொன்னால் மறுபடியும் குடத்தில் செம்பை விடுவேன். ஆனால் எனக்கு ஆகாத ஒன்றிலிருந்து உனக்கென்று மூன்று நாளை நீ எடுத்துக்கொண்டிருந்தாய். நான் அதை மொத்தமாகத் தூக்கிப் போட்டேன்.

பிறகு உனக்காக ஞாயிற்றுக்கிழமை சமையலை நான் எடுத்துக்கொண்டேன். “நீ படு அக்கா” என்றேன். நீயும் கூடத்தில் போய்ப் படுத்தாய். கொஞ்ச நேரத்தில் பாவா துண்டு எங்கே என்றார். அத்தை மாத்திரை எங்கே என்றார். என் மகள் ரிப்பன் கேட்டாள். நீ எழுந்து வந்து கீரையை ஆய ஆரம்பித்தாய். “சொம்மா படுத்தா பாக்கறவங்க கண்ணு உறுத்துதுமே. தூரம்னு இருந்தப்ப யாரும் கேக்க முடியாது. இப்ப கேட்டா நான் சொல்லித்தான் ஆவணும்” என்றாய்.

வருஷங்கள் ஓடின. உனக்கு விலக்கே நின்றுபோனது. அதையும் குழாயடியில்தான் சொன்னாய். “நின்னுபோச்சுமே. நீதான் அதுக்கு முன்னாடியே நிறுத்திட்டியே” என்று என் மேல் தண்ணீர் தெளித்தாய்.

ஒருநாள் திடீரென்று, “உங்கூட டிரெயின்ல ஒரு வாட்டி வரட்டுமா?” என்றாய். எதற்கு என்றேன். “சொம்மா” என்றாய். சும்மா என்று சொல்லி இந்த வீட்டிலிருந்து ஒரு பெண் எங்கேயும் போக முடியாது. ரத்த டெஸ்ட் என்று சொல்லலாமா என்று நான்தான் கேட்டேன். உன் கண் மின்னியது. அத்தையிடம், “அக்காவுக்குத் தலை சுத்துதாம், லேப்ல ஒரு டெஸ்ட் எடுத்துடறேன்” என்றேன். அத்தை தலையாட்டினார். டெஸ்ட் என்ற வார்த்தைக்கு இந்த வீட்டில் மறுபேச்சு இல்லை. நமக்கு மறுபடியும் ஒரு வழி கிடைத்துவிட்டது.

திருவள்ளூர் பிளாட்பாரத்தில் மர நிழலில் ஒரு பெஞ்சு. அதில் உன்னை உட்கார வைத்துவிட்டு லேப்புக்குப் போனேன். சாயங்காலம் வந்தபோது நீ அதே பெஞ்சில் செருப்பைக் கழற்றிவிட்டுக் கால்களை மேலே மடக்கி வைத்து உட்கார்ந்திருந்தாய். பக்கத்தில் வேர்க்கடலைத் தோல். மடியில் தெலுங்குப் பேப்பர், இந்த முறை புதியது. சாப்பிட்டாயா, போரடித்ததா என்றேன். “நல்லா கீதுமே. நாள்பூரா ஒருத்தரும் உப்பு எங்கன்னு கேக்கல” என்றாய். வீட்டில் அத்தை, “ரிப்போர்ட்டு இன்னா சொல்லிச்சு?” என்று கேட்டபோது, முகம் மாறாமல், “எல்லாம் நார்மலாம்” என்றாய். நான் சிரிப்பை மறைக்கச் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டேன்.

அதற்குப் பிறகு சில மாதத்துக்கு ஒருமுறை உனக்குத் தலை சுற்றும். உன் ரிப்போர்ட் எப்போதும் நார்மலாகவே வரும்.

போன மாதம் பெஞ்சிலிருந்து எழுந்தபோது நீ கொஞ்சம் தள்ளாடினாய். என் தோளைப் பிடித்துக்கொண்டாய். “வாக்கா, லேப்புக்கே போய் நிஜமாவே ஒண்ணு எடுத்துப் பார்த்துடலாம்” என்றேன். நீ கையை உதறினாய்.

“வேணாம்மே. எதுனா வந்து தொலைஞ்சா அப்பால டெஸ்ட்டு நிஜமாயிடும். ஆஸ்பத்திரி, மாத்திரைன்னு பாவா கூடவே வந்துகினு இருப்பாரு. பெஞ்சு போயிடும்.”

வண்டி வந்துவிட்டது. ஏறிவிட்டோம். ஜன்னலோரம் உனக்குக் கொடுத்தேன். அரக்கோணம் வரை தூங்கினாய்.

பிறகு ஒரு காலை பூ பறிக்கும்போது கழனியிலேயே விழுந்துவிட்டாய். ஆஸ்பத்திரிக்கு நான் வந்து சேர்ந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. டாக்டர் பாவாவிடம், ஏற்கெனவே ஏதாவது தொந்தரவு இருந்ததா என்று கேட்டுக்கொண்டிருந்தார். பாவா என்னைக் காட்டினார். “இல்லிங்க சார். போன மாசம்தான் டெஸ்ட்டு எடுத்துது. எல்லாம் நார்மல். இவங்கதான் எடுத்தாங்க.” டாக்டர் என்னைப் பார்த்தார். நான் ஆமாம் என்று தலையாட்டினேன்.

என் உடம்பு மரத்துப்போனது அந்த இடத்தில்தான் என்று நினைக்கிறேன். டெஸ்ட் எடுத்திருந்தால் ஏதாவது தெரிந்திருக்கலாம். ஒன்றும் தெரியாமலும் போயிருக்கலாம். லேப்பில் இத்தனை வருஷம் இருப்பவளுக்கு இரண்டும் நடக்கும் என்று தெரியும். பாவா ஒவ்வொருவரிடமும் இதையே சொன்னார். உன் அண்ணனிடம், உன் மகனிடம், துக்கம் விசாரிக்க வந்தவர்களிடம். எல்லாம் பார்த்தோம், ஒரு குறையும் வைக்கவில்லை என்பது அவருக்கு ஆறுதலாக இருந்தது. நான் டீ கொடுத்துக்கொண்டிருந்தேன்.

நேற்று சாயங்காலம் எல்லாரும் போன பிறகு அத்தை கூடத்தில் என்னை உட்காரச் சொன்னார். பாவா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். உன் கொழுந்தன் செல்லைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“இனிமே நீதாம்மா. அவளும் பூட்டா. என் முட்டி இந்த லட்சணத்துல கீது. வேலைய வுட்டுடு. எத்தினி வருஷம் போயாச்சு, போதும்.”

“யோசிச்சு சொல்லு, அவசரமில்ல” என்றார் உன் கொழுந்தன். அவர் அப்படிச் சொன்னால் முடிவாகிவிட்டது என்று அர்த்தம். லேப்பில் நான் திங்கட்கிழமை வந்துவிடுவேன் என்று சொல்லியிருக்கிறேன். ஒரு காலத்தில் எல்லார் முன்னாலும் குடத்தில் செம்பை விட்டவளுக்கு நேற்று வாயைத் திறக்க முடியவில்லை. சண்டை போட வேண்டும் என்று தோன்றியது, ஆனால் அது பக்கத்து வீட்டுச் சண்டை போலத் தூரத்தில் கேட்டது. நான் ஒன்றும் சொல்லாததைச் சரி என்று எடுத்துக்கொண்டு அத்தை வெற்றிலையை மடித்தார்.

அதனால்தான் இன்று காலை, அரிசி மூட்டைக்கு இடம் பண்ண, அந்த அறையில் இருந்தேன். தட்டு கையில் இருந்தது. மூட்டைகளை நகர்த்தியதில் சுவர் தெரிந்தது. சுண்ணாம்பின் மேல் இரண்டு அழுக்குத் தடங்கள், உன் குதிகால்கள் பட்டுப்பட்டுக் கறுத்தவை. பக்கத்து வீட்டுச் சண்டை அப்போதும் தூரத்தில்தான் கேட்டது. ஆனால் கை வேலை செய்ய ஆரம்பித்தது. மூட்டைகளை மறுபக்கம் தள்ளினேன். பெருக்கினேன். பாயை உதறிப் போட்டேன். தட்டையும் சொம்பையும் குழாயடியில் கழுவிக்கொண்டு வந்தேன். அத்தை முற்றத்தில் காலை நீட்டி உட்கார்ந்திருந்தார்.

“இன்னாது அது?” என்றார்.

“எனக்குத் தூரம் அத்தை. மூணு நாளைக்கு.”

அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். “உனக்குத்தான் போன வருஷமே நின்னுபோச்சே?”

“ஆங். நின்னுபோச்சு. இருந்தாலும் தூரம்.”

அவர் என் கையில் இருந்த தட்டைப் பார்த்தார். நசுங்கிய விளிம்பைத்தான் பார்த்தார் என்று நினைக்கிறேன். நீ கல்யாணமாகி வந்த புதிதில் அதை நசுக்கியது அவர்தான், கோபத்தில் தூக்கி எறிந்தார் என்று நீ சொல்லியிருக்கிறாய். நான் போக வழிவிட்டுக் காலை மடக்கிக்கொண்டார்.

இதை இங்கே உட்கார்ந்துதான் எழுதுகிறேன். முதலில் படுத்துப் பார்த்தேன். உன் தடங்களின் மேல் என் கால்களைத் தூக்கி வைத்தேன். நீ என்னைவிட உயரம், எனக்குக் கொஞ்சம் எட்டவில்லை. பாய் முதுகில் குத்தியது. கொஞ்ச நேரத்தில் அடுப்படியில் பாத்திரங்கள் உருளும் சத்தம் கேட்டது. பாவாவும் உன் கொழுந்தனும். கேஸ் பற்றவைக்கும் சத்தம், அப்புறம் குக்கர் மூடி கீழே விழும் சத்தம்.

“புளி எங்க கீது?” என்று உன் கொழுந்தன் குரல் கொடுத்தார். நான் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். “இன்னா, உன்னைத்தான் கேக்கறேன், புளி எங்க?” என்றார் மறுபடியும். என் வாய் திறந்துவிட்டது அக்கா. இத்தனை வருஷப் பழக்கம். நீ உதட்டில் விரலை வைத்தது ஞாபகம் வந்து மூடிக்கொண்டேன். அடுத்ததாக அவர் அறைப்பக்கம் நடந்துவரும் காலடிச் சத்தம் கேட்டது.

அப்போது முற்றத்திலிருந்து அத்தையின் குரல் வந்தது.

“டேய், அவ தூரம்டா. அந்தப் பக்கம் போவாத. நீயே தேடு.”

காலடிச் சத்தம் நின்றது. பிறகு திரும்பிப் போனது.

மத்தியானம் அத்தையே சோறு கொண்டுவந்தார். முட்டியைப் பிடித்துக்கொண்டு வாசற்படிக்கு வெளியே மெதுவாக உட்கார்ந்தார். தட்டைத் தள்ளக் கரண்டி கொண்டுவரவில்லை, கையாலேயே நகர்த்தினார். உடனே எழுந்து போய்விடவும் இல்லை. சுவரில் இருந்த தடங்களை அவரும் பார்த்தார். பிறகு என்னைப் பார்க்காமல் கேட்டார்.

“திங்கக்கிழமை எத்தினி மணிக்கு உன் வண்டி?”

எப்பவும் போற வண்டிதான் என்றேன். “ஆங்” என்றார். நிலையைப் பிடித்து எழுந்துகொண்டார்.

நான் இன்னும் அழவில்லை. எப்போது வரும் என்று தெரியவில்லை. திங்கட்கிழமை அந்தப் பெஞ்சைத் தாண்டித்தான் நடந்து போக வேண்டும், ஒருவேளை அங்கே வரலாம். இப்போதைக்கு உன் தட்டில் சாப்பிட்டேன். சோறு குழைந்திருந்தது. ரசத்தில் உப்பே இல்லை. வெளியே இரண்டு ஆண்களும் ஒருவரையொருவர் உப்பு எங்கே என்று கேட்டுக்கொண்டிருக்கிறார்கள். அடுப்பு மேடைக்குக் கீழே, நீ வைத்த இடத்தில், ஜாடியில் இருக்கிறது. நான் சொல்லவில்லை அக்கா.